மூன்று நிமிட நேர்காணல்

ஸ்ரீநகரில் உள்ள மண்டலப் பொறியியல் கல்லூரியில் 1979ஆம் ஆண்டு சேர விரும்பிய மாணவர்களுக்கு 100 மதிப்பெண்ணுக்கு எழுத்துத் தேர்வும் 50 மதிப்பெண்ணுக்கு நேர்காணலும் நடைபெற்றன. எழுத்துத் தேர்வில் நல்ல மதிப்பெண் பெற்றும் இடம் கிடைக்காத சிலர் உச்ச நீதிமன்றத்தை அணுகினர். நேர்காணல் ஒவ்வொருவருக்கும் இரண்டு மூன்று நிமிடங்களே நீடித்தது என்றும், பெற்றோர் யார், வீடு எங்கே என்பன போன்ற வினாக்களே கேட்கப்பட்டன என்றும் அவர்கள் முறையிட்டனர். ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு 1980 நவம்பரில் தீர்ப்பு வழங்கியது. மொத்த மதிப்பெண்ணில் 15 விழுக்காட்டுக்கு மேல் நேர்காணலுக்கு ஒதுக்குவது தன்னிச்சையானது என்று அத்தீர்ப்பை எழுதிய நீதியரசர் பி.என். பகவதி குறிப்பிட்டார். நேர்காணலை ஒலிப்பதிவு செய்வது விரும்பத்தக்கது என்றும் கருத்துரைத்தார்.

இது கல்லூரிச் சேர்க்கை பற்றிய வழக்கு. எனினும் வேலைக்கான நேர்காணலுக்கும் இதன் பொருள் பொருந்தும். “உன் வீடு எங்கே?” என்னும் வினாவுக்கு எந்த விடை கூறினாலும் அதிலிருந்து ஒருவரின் திறமை தெரியாது. ஆனால் வினா கேட்டவர் தாளில் ஒரு மதிப்பெண்ணை எழுதியே ஆகவேண்டும். வினா எதையும் அளக்காதபோது அந்த மதிப்பெண் எங்கிருந்து வருகிறது? உடையிலிருந்தும், பேச்சு நடையிலிருந்தும், குடும்பப் பெயரிலிருந்தும், சில வேளை பரிந்துரைக் கடிதத்திலிருந்தும் வருகிறது. தெரிந்தவர் எவரும் இல்லாத ஊருக்கு வந்து வேலை தேடுபவருக்கே இதனால் இழப்பு மிகுதி.

அரியானா மாநிலக் குடிமைப்பணித் தேர்வு பற்றிய வழக்கு 1985ஆம் ஆண்டில் முடிவுக்கு வந்தது. அங்கே நேர்காணலுக்குப் பொதுப் பிரிவினருக்கு 22.2 விழுக்காடும் முன்னாள் படைவீரர்களுக்கு 33.3 விழுக்காடும் ஒதுக்கப்பட்டிருந்தன. அந்த அளவு மிகை என்று உச்ச நீதிமன்றம் கூறியது. பின்னர் மத்திய அரசு மேலும் ஓர் அடி எடுத்து வைத்தது. 2016 சனவரி 1 முதல், மத்திய அரசின் ‘சி’ பிரிவுப் பணிகளுக்கும் அரசிதழ்ப் பதிவு பெறாத ‘பி’ பிரிவுப் பணிகளுக்கும் நேர்காணல் நிறுத்தப்பட்டது. எழுத்தர் பணிக்கு விண்ணப்பிப்பவர் இனி எழுத்துத் தேர்விலும், தேவையான இடங்களில் தட்டச்சு போன்ற திறன் தேர்விலும் வென்றால் போதும். அன்று முதல் அவரது உழைப்பு முழுவதும் கணக்கிலும் மொழியிலும் பொது அறிவிலும் சென்றது. அவையடக்கத்தோடு அறைக்குள் நுழைவது எப்படி என்று கற்பிக்கும் வகுப்புக்கு அவர் பணம் கட்ட வேண்டியதில்லை.

ஆகவே வினாக்கள் ஒருவரைத் தேர்ந்தெடுக்கும் கருவி மட்டுமல்ல. தேர்வுக்கு முந்தைய மாதங்களில் அவர் எதைப் படிப்பார் என்பதையும் அவையே முடிவு செய்கின்றன. இதற்கு ஒரு பழைய சான்று அமெரிக்காவில் உண்டு. மின்விளக்கால் புகழ்பெற்ற தாமசு ஆல்வா எடிசன், தம்மிடம் வேலை கேட்டு வந்த பட்டதாரிகளுக்கு ஏறத்தாழ 150 வினாக்கள் கொண்ட தாளைக் கொடுத்து வந்தார். பிரான்சு நாட்டின் எல்லையில் உள்ள நாடுகள் எவை, பெசமர் என்பவர் யார், அவர் என்ன செய்தார் என்பன போன்றவை அத்தாளில் இருந்தன. 1921 மே மாதம் அவ்வினாக்கள் நியூயார்க் டைம்ஸ் நாளிதழில் வெளிவந்தன. நாடெங்கும் மக்கள் அவற்றுக்கு விடை தேடத் தொடங்கினர்; எடிசன் வினாக்களை மாற்ற நேர்ந்தது. அவ்வாண்டு அமெரிக்காவுக்கு வந்திருந்த ஐன்ஸ்டைனிடம், எடிசன் தாளில் உள்ளதாகச் சொல்லி, ஒலியின் வேகம் எவ்வளவு என்று கேட்டனர். நூல்களில் எளிதில் கிடைக்கும் செய்தியைத் தாம் மனத்தில் சுமப்பதில்லை என்று அவர் விடையளித்தார். எடிசனின் கூடத்தில் வேலை கேட்டிருந்தால் ஐன்ஸ்டைன் அவ்வினாவில் தோற்றிருப்பார்!

வினா வெளியானவுடன் அதன் மதிப்பு குறைந்துவிடுகிறது. அண்மைக் காலத்தில் கூகுள் நிறுவனத்திலும் இவ்வாறே நிகழ்ந்தது. ஒரு விமானத்துக்குள் எத்தனை கோல்ஃப் பந்துகளை அடைக்கலாம் என்பது போன்ற புதிர்கள் அங்கு ஒரு காலத்தில் கேட்கப்பட்டன. அத்தகைய புதிர்களைத் தொகுத்த நூல்கள் விற்பனைக்கு வந்தன. வேலை தேடும் இளைஞர்கள் அவற்றை மனப்பாடம் செய்தனர். அப்புதிர்களால் எதையும் முன்கூட்டி அறிய முடியவில்லை என்று அந்நிறுவனத்தின் பணியாளர் துறைத் தலைவராக இருந்த லாசுலோ பாக் 2013ஆம் ஆண்டு வெளிப்படையாகவே கூறினார்.

இந்தியாவில் மிகப் பலரும் அஞ்சும் நேர்காணல், யூ.பி.எஸ்.சி. எனப்படும் மத்திய அரசுப் பணியாளர் தேர்வாணையம் குடிமைப்பணிகளுக்காக நடத்துவதாகும். எழுத்துத் தேர்வுக்கு 1750, நேர்காணலுக்கு 275 என மொத்தம் 2025 மதிப்பெண். அதாவது நேர்காணலின் பங்கு 14 விழுக்காட்டுக்கும் குறைவு. தேர்வாணைய உறுப்பினர் ஒருவர் தலைமையில் குழு அமர்ந்து, ஏறத்தாழ அரை மணி நேரம் உரையாடும். குறுக்கு விசாரணை போல் அமையாமல், இயல்பானதும் நோக்கம் உடையதுமான உரையாடலாக அது இருக்க வேண்டும் என்பது தேர்வாணையத்தின் விதி.

இந்த நேர்காணலின் வினாத்தாளில் ஒரு பகுதியை விண்ணப்பதாரரே எழுதுகிறார் என்று கூறினால் வியப்பாக இருக்கும். முதல்நிலைத் தேர்வில் வென்றபின் அவர் ஒரு விரிவான விண்ணப்பப் படிவத்தை நிரப்ப வேண்டும். சொந்த ஊர், படிப்பு, பணி அனுபவம், பொழுதுபோக்கு ஆகியவற்றை அதில் எழுதுவார். அப்படிவம் குழுவினரின் கையில் இருக்கும். பொழுதுபோக்கு என்னும் இடத்தில் ‘வாசிப்பு’ என்று எழுதியவரிடம், கடைசியாக வாசித்த நூல் எது, அதில் உடன்படாத கருத்து எது என்று கேட்பது இயல்பு. பிறரைப் பார்த்து அச்சொல்லை எழுதியவர் அங்கே தடுமாறுவார்.

தில்லியில் பிறந்து வளர்ந்த ஒரு தமிழ்ப் பெண்ணை எண்ணிப் பார்க்கலாம். சொந்த ஊர் என்னும் இடத்தில் அவள் திருநெல்வேலி என்று எழுதுகிறாள். “தாமிரபரணி ஆற்றின் சிறப்பு என்ன?” என்று குழுவினர் கேட்கக்கூடும். பொதிகை மலையில் தோன்றி, தமிழ்நாட்டுக்குள்ளேயே ஓடி, தமிழ்நாட்டிலேயே கடலில் கலக்கும் ஆறு அது என்பதை அவள் அறிந்திருக்க வேண்டும். “நான் அங்கு விடுமுறைக்கு மட்டுமே சென்றிருக்கிறேன். ஆதிச்சநல்லூர் அந்த ஆற்றங்கரையில் இருப்பதைப் படித்திருக்கிறேன், இன்னும் பார்க்கவில்லை” என்று அவள் கூறினால் அதுவும் நல்ல விடையே. அதே குழு யமுனையைப் பற்றியும் கேட்கலாம். இரண்டு ஊர் உடையவளிடம் இரண்டைப் பற்றியும் கேட்பது முறைதானே! ஸ்ரீநகரில் கேட்கப்பட்டதும் ஊரைப் பற்றிய வினாதான். ஆனால் அங்கே விடையைத் தொடர்ந்து அடுத்த வினா எழவில்லை, இங்கே எழுகிறது. ஒருவரின் சிந்தனையை அந்த அடுத்த வினாவே வெளிக்கொணர்கிறது.

முதன்மைத் தேர்வைத் தமிழில் எழுதுபவர் நேர்காணலையும் தமிழில் தர விரும்பலாம். விதிகள் அதற்கு இடம் தருகின்றன. தாய்மொழியில் தெளிவாகச் சிந்திப்பவருக்கு அது பெரும் துணை.

எல்லா வேலைகளுக்கும் இவ்வளவு நீண்ட உரையாடல் இயலாது. ஒரு மருத்துவமனை ஒரே நாளில் முப்பது செவிலியரைப் பார்க்க வேண்டியிருக்கலாம். அங்கே ஒருவரிடம் குடும்பத்தைப் பற்றியும், மற்றொருவரிடம் மருந்தின் அளவைப் பற்றியும் கேட்டால் இருவரையும் எப்படி ஒப்பிடுவது? எனவே எல்லாரிடமும் ஒரே வினாக்களை ஒரே வரிசையில் கேட்டு, எத்தகைய விடைக்கு எவ்வளவு மதிப்பெண் என்பதை முன்பே வகுத்துக்கொள்ளும் முறை உருவாயிற்று. இதனைக் கட்டமைக்கப்பட்ட நேர்காணல் என்பர். ஆட்களைத் தேர்ந்தெடுக்கும் முறைகள் பற்றி 85 ஆண்டுகளில் வெளிவந்த ஆய்வுகளைத் தொகுத்து, ஷ்மிட், ஹண்டர் என்னும் இரு உளவியல் அறிஞர்கள் 1998ஆம் ஆண்டு ஒரு கட்டுரை வெளியிட்டனர். மனம்போன போக்கில் நடக்கும் நேர்காணலைவிடக் கட்டமைக்கப்பட்ட நேர்காணல், வேலையில் ஒருவர் எப்படிச் செயல்படுவார் என்பதை நன்கு முன்னறிவிக்கிறது என்று அதில் காட்டினர்.

வினா வேலையிலிருந்தே பிறக்க வேண்டும். “இரவுப் பணியில் நீங்கள் தனியாக இருக்கிறீர்கள். இரண்டு நோயாளிகள் ஒரே நேரத்தில் அழைக்கிறார்கள். யாரிடம் முதலில் செல்வீர்கள்? ஏன்?” என்று செவிலியரிடம் கேட்டால், ‘ஏன்’ என்பதற்கான விடையை எந்த வழிகாட்டி நூலிலிருந்தும் முழுமையாக எடுக்க முடியாது. “உங்கள் குறை என்ன?” என்பதற்கு “நான் அளவுக்கு மீறி உழைப்பவன்” என்று கூறும் விடை மட்டும் ஆண்டுதோறும் அழியாமல் கைமாறி வருகிறது. அதைக் கேட்டுக் கேட்டுச் சலித்த குழுவினர், “அதனால் எப்போதாவது ஏதேனும் கெட்டுப்போனதா? சொல்லுங்கள்” என்று அடுத்த வினாவைத் தொடுப்பர்.

அத்தகைய குழுவின் முன் செல்பவர் தாம் செய்த வேலைகளையே திரும்பிப் பார்த்துத் தயாராகிறார். பள்ளி விழாவில் ஒலிபெருக்கி பழுதானபோது என்ன செய்தார், கடைக்கணக்கில் நூறு ரூபாய் குறைந்தபோது எப்படிக் கண்டுபிடித்தார் என்பவற்றைக் குறித்து வைக்கிறார். அவை சிறு நிகழ்ச்சிகளே. எனினும் எத்தனை துணை வினாக்கள் வந்தாலும் அவற்றைப் பற்றி அவரால் தயங்காமல் பேச முடியும்.

அருஞ்சொற்பொருள்

தன்னிச்சையான – விதிக்குக் கட்டுப்படாத
விழுக்காடு – நூற்றில் இத்தனை பங்கு
அவையடக்கம் – பெரியோர் முன் காட்டும் பணிவு
குறுக்கு விசாரணை – சாட்சியின் கூற்றைச் சோதிக்கக் கேட்கப்படும் வினாக்கள்

பயிற்சி

1. ஸ்ரீநகர் மாணவர்களின் முறையீடு யாது?
2. எடிசன் தம் வினாக்களை மாற்ற நேர்ந்தது ஏன்?
3. ‘வினாத்தாளில் ஒரு பகுதியை விண்ணப்பதாரரே எழுதுகிறார்’ – விளக்குக.
4. பேருந்து ஓட்டுநர், நூலகர், சமையற்கலைஞர் ஆகியோருள் ஒருவரைத் தேர்ந்தெடுக்க, அவ்வேலையிலிருந்து பிறக்கும் மூன்று வினாக்கள் எழுதுக. ஒவ்வொன்றுக்கும் ஒரு துணை வினாவும் சேர்க்க.
5. உம் தாய், தந்தை அல்லது உறவினர் ஒருவர் இந்த ஊருக்கு வந்து முதன்முதலில் வேலை கேட்டபோது அவரிடம் எந்த மொழியில் என்ன வினாக்கள் கேட்கப்பட்டன? அவரிடம் கேட்டு, அவர் கூறியவாறே தமிழில் பத்து வரிகளில் எழுதுக.