களம் கண்ட மகளிர்

கடலூர் மாவட்டத்துத் தொன்மையான ஊர்களுள் ஸ்ரீமுஷ்ணம் ஒன்றாகும். அவ்வூரில் கோயில் கொண்டுள்ள பூவராகப் பெருமாள், ஆண்டுதோறும் மாசித் திங்களில் வழியிலுள்ள ஊர்களையெல்லாம் கடந்து, சிதம்பரத்தை அடுத்த கிள்ளைக் கடற்கரைக்கு எழுந்தருளுவார். அங்கு இசுலாமியப் பெருமக்களும் முன்னின்று வரவேற்பளிப்பர். உழவர் வாழும் உள்நாட்டையும் மீனவர் வாழும் கடற்கரையையும் இவ்வாறு ஒன்றாய்ப் பிணைக்கும் விழாவை உடையது அம்மாவட்டம்.

அக்கடற்கரைக்கு 2004ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 26ஆம் நாள் பெருந்துயர் வந்துற்றது. ஆழிப்பேரலை எழுந்து குடில்களையும் படகுகளையும் வாரிச் சென்றது. கடலூர் மாவட்டத்தில் மட்டும் 600க்கு மேற்பட்டோர் உயிரிழந்தனர். பெற்றோரை இழந்த குழந்தைகளுக்கு அரசு இல்லங்கள் உறைவிடமாயின. அங்ஙனம் தங்கிப் பயின்ற சிறுமியருள் சிலர், மாலை வேளைகளில் பந்தொன்றைக் காலால் உதைத்து ஆடத் தொடங்கினர். மாரியப்பன் என்னும் பயிற்சியாளர் அவர்களுக்கு முறையாகக் கால்பந்தாட்டம் கற்பித்தார். துயரை மறப்பதற்கென்று தொடங்கிய ஆட்டம், அம்மாவட்டத்து மகளிர் இந்திய நாட்டின் சீருடை அணிந்து ஆடும் நிலைக்கு வழிவகுத்தது. அவ்வழி எத்தகையது என்பதை அறிய வேண்டுமாயின், இந்திய மகளிர் கால்பந்து அணியின் வரலாற்றைச் சிறிது நோக்குதல் வேண்டும்.

நம் நாட்டில் மகளிர் கால்பந்தாட்டத்திற்கெனத் தனிச் சங்கம் 1975ஆம் ஆண்டில் தோன்றியது. அவ்வாண்டிலேயே இலட்சுமணபுரி எனப்படும் லக்னோ நகரில் மாநிலங்களுக்கிடையே முதல் தேசியப் போட்டி நிகழ்ந்தது. ஐந்தாண்டுகள் செல்வதற்குள், 1980ஆம் ஆண்டு சனவரித் திங்களில் கேரளத்துக் கோழிக்கோட்டில் ஆசிய மகளிர் போட்டி நடைபெற்றது. இந்திய அணி இறுதி ஆட்டம் வரை முன்னேறிச் சீனத் தைபே அணியிடம் தோற்று, இரண்டாம் இடம் பெற்றது. 1983ஆம் ஆண்டில் பாங்காக் நகரில் நிகழ்ந்த போட்டியிலும் இந்தியாவுக்கு இரண்டாம் இடமே கிட்டியது. அவ்வாண்டில் சாந்தி மல்லிக் என்னும் வங்க வீராங்கனை அர்ச்சுனா விருது பெற்றார். அவ்விருதைப் பெற்ற முதற் கால்பந்து வீராங்கனை அவரேயாவார். ஆசியாவில் இருமுறை இரண்டாம் இடம் பெற்ற அணி, அடுத்து முதலிடத்தை எட்டியிருக்கும் என்றுதானே நாம் எண்ணுவோம்? நிகழ்ந்ததோ வேறு.

கால்பந்தாட்டத்திற்கான உலகச் சம்மேளனம் நாடுகளின் அணிகளை அவற்றின் திறத்திற்கேற்ப வரிசைப்படுத்தி வெளியிடுவது வழக்கம். பிற நாட்டு அணிகளோடு ஆடிப் பெறும் வெற்றி தோல்விகளைக் கொண்டே அவ்வரிசை அமையும். பதினெட்டுத் திங்களுக்கு மேல் ஓர் ஆட்டமும் ஆடாத அணி அந்நாளில் பட்டியலினின்று நீக்கப்பட்டது. 2009ஆம் ஆண்டில் இந்திய மகளிர் அணி இவ்வாறு நீக்கப்பெற்றது. வீராங்கனையரின் கால்கள் சோர்ந்தமையால் நேர்ந்த இழிவன்று இது. அவர்கள் ஆடுவதற்கு ஆட்டங்களே அமைக்கப்படவில்லை. தோற்ற அணிக்கேனும் பட்டியலின் அடியில் ஓரிடம் உண்டு. ஆடாத அணிக்கு அவ்விடமும் இல்லை.

ஆட்டங்கள் மீண்டும் அமைந்தபோது அவ்வணியின் ஆற்றல் வெளிப்பட்டது. தெற்காசிய நாடுகளின் மகளிர் கால்பந்துப் போட்டி 2010ஆம் ஆண்டில் வங்காளதேசத்துக் காக்சு பசாரில் முதன்முதலாக நிகழ்ந்தது. அதன் இறுதியில் நேபாளத்தை ஒரு கோலால் வென்று இந்தியா கோப்பையைக் கைப்பற்றியது. பின்னர் 2012இல் கொழும்பிலும், 2014இல் இசுலாமாபாத்திலும், 2017ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் சிலிகுரியிலும், 2019இல் நேபாளத்து விராட்நகரிலும் இந்தியாவே வாகை சூடியது. இவ்வைந்து போட்டிகளிலும் அவ்வணி ஓர் ஆட்டத்திலேனும் தோற்றதில்லை. 2010, 2016, 2019 ஆகிய ஆண்டுகளில் நடைபெற்ற தெற்காசிய விளையாட்டு விழாக்களிலும் தங்கப் பதக்கம் அவ்வணிக்கே உரியதாயிற்று.

இவ்வெற்றிகளில் கடலூர் மாவட்டத்திற்கும் பங்குண்டு. சிலிகுரி இறுதி ஆட்டத்தில் இந்தியா வங்காளதேசத்தை மூன்றுக்கு ஒன்று என்னும் கணக்கில் வென்றது. அம்மூன்றனுள் ஒரு கோலை அடித்தவர் கடலூரைச் சேர்ந்த இந்துமதி கதிரேசன். விராட்நகரில் நிகழ்ந்த அரையிறுதி ஆட்டத்திலும் வங்காளதேசத்திற்கு எதிராக அவர் இரண்டு கோல்கள் அடித்தார். நடுக்களத்தில் நின்று பந்தைப் பெற்று, முன்னணியினருக்கு வழிவகுத்துத் தருவது அவருடைய பணி. அம்மாவட்டத்தினின்று நாட்டின் அணியில் இடம்பெற்ற மற்றொரு வீராங்கனை சந்தியா ரங்கநாதன். அரசு விடுதியில் தங்கிப் பயின்று முன்னேறியவர் அவர்.

2018ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் ஒடிசா மாநிலத்துக் கட்டாக்கில் தேசியப் போட்டியின் இறுதி ஆட்டம் நடைபெற்றது. பல்லாண்டுகளாகக் கோப்பையைத் தம்முடையதாக்கி வந்த மணிப்பூர் மகளிரைத் தமிழ்நாட்டு மகளிர் இரண்டுக்கு ஒன்று என்னும் கணக்கில் வென்றனர். அக்கோப்பை தமிழகத்திற்கு வந்தது அதுவே முதன்முறை. அதே ஆண்டில் கடலூர் இந்திரா காந்தி விளையாட்டு மற்றும் கல்விக் கழகத்தின் மகளிர் அணி, ஷில்லாங் நகரில் நடந்த இந்திய மகளிர் லீக் போட்டியில் களம் இறங்கியது. பெருநகரங்களின் கழகங்களோடு ஒரு சிறு நகரத்துக் கழகமும் சரிநிகராய் நின்ற காட்சி அது.

இந்துமதி தமிழ்நாடு காவல்துறையில் உதவி ஆய்வாளராகவும் பணியாற்றினார். 2020ஆம் ஆண்டில் கொரோனா நோய் பரவிய நாட்களில் அவர் சென்னைச் சாலைகளில் நின்று கடமை புரிந்தார். 2023-24ஆம் பருவத்தின் சிறந்த இந்திய வீராங்கனை என்னும் சிறப்பை அகில இந்தியக் கால்பந்துச் சம்மேளனம் அவருக்கு வழங்கியது.

மாணவ மாணவியரே! வெற்றிகளை மட்டும் கூறி ஓர் அணியின் வரலாற்றை முடித்தல் நேர்மையாகாது. 2022ஆம் ஆண்டு சனவரியில் ஆசியக் கோப்பைப் போட்டி நம் நாட்டிலேயே நடைபெற்றது. இந்திய அணி ஈரானோடு கோலின்றிச் சமநிலை கண்டது. அடுத்த ஆட்டத்திற்கு முன் வீராங்கனையர் பலரைக் கொரோனா நோய் பற்றியது. ஆடுவதற்கு வேண்டிய எண்ணிக்கையினர் இல்லாமையால் இந்தியா போட்டியினின்று விலக நேர்ந்தது. பல திங்கள் உழைத்துப் பெற்ற ஆயத்தமெல்லாம் ஒரே நாளில் வீணாயிற்று. அவ்வாண்டுச் செப்டம்பரில் காத்மாண்டுவில் நடந்த தெற்காசியப் போட்டியில் வங்காளதேசம் இந்தியாவை மூன்று கோல்களால் தோற்கடித்தது. அரையிறுதியில் நேபாளமும் இந்தியாவை வென்றது. அம்முறை கோப்பை வங்காளதேசத்திற்குச் சென்றது. 2024இலும் அந்நாடே வென்றது. முன்பு நம்மிடம் தோற்ற அண்டை நாட்டினர் இடைவிடாது பயின்று நம்மை விஞ்சினர்.

ஆயினும் இந்திய மகளிர் மனம் தளர்ந்தாரல்லர். 2025ஆம் ஆண்டு தாய்லாந்து நாட்டுச் சியாங்மாய் நகரில் ஆசியக் கோப்பைக்கான தகுதிப் போட்டி நிகழ்ந்தது. மங்கோலியாவைப் பதின்மூன்று கோல்களாலும், கிழக்குத் திமோரை நான்கு கோல்களாலும், ஈராக்கை ஐந்து கோல்களாலும் இந்தியா வென்றது. எஞ்சியது தாய்லாந்தோடு ஆடும் ஆட்டம். எதிரணியோ வலியது, களமோ அவர்தம் சொந்த மண். சூலைத் திங்கள் 5ஆம் நாள் நடந்த அவ்வாட்டத்தில் சங்கீதா பாசுபோர் என்னும் வங்க வீராங்கனை முதற் கோலை அடித்தார். இடைவேளைக்குப் பின் தாய்லாந்து அதனைச் சமன் செய்தது. சங்கீதாவே மீண்டும் ஒரு கோல் அடித்து வெற்றியைத் தேடித் தந்தார். தகுதிப் போட்டியில் வென்று இந்திய மகளிர் ஆசியக் கோப்பையில் இடம்பெற்றது வரலாற்றில் அதுவே முதன்முறை. பட்டியலினின்று பெயர் நீக்கப்பட்ட நாளிலிருந்து எண்ணினால், அவ்வெற்றிக்குப் பதினாறு ஆண்டுகள் ஆயின.

கால்பந்தாட்டத்திற்குப் பெருந்திடல் வேண்டுமே, எங்கள் ஊரில் அதற்கு இடமேது என நீங்கள் வினவலாம். அவ்வாட்டத்தின் இளைய உடன்பிறப்பாக ஃபுட்சால் என்னும் ஆட்டம் உள்ளது. ஏறத்தாழ 40 மீட்டர் நீளமும் 20 மீட்டர் அகலமும் உடைய கடினத் தரையே அதற்குப் போதும். அணிக்கு ஐவர் ஆடுவர். ஐவருள் ஒருவர் கோலைக் காப்பார். பந்து சிறியது, மிகுதியாகத் துள்ளாதது. இடம் குறுகியதாதலின் விரைந்து எண்ணுதலும் பந்தைத் தம் வயப்படுத்துதலும் இதில் இன்றியமையாதன. 2025ஆம் ஆண்டு சனவரியில் இந்தியாவின் மகளிர் ஃபுட்சால் அணி இந்தோனேசியாவில் நடந்த ஆசியத் தகுதிப் போட்டியில் முதன்முதலாகக் கலந்துகொண்டது. அவ்வாண்டின் இறுதியில் மகளிருக்கான முதல் ஃபுட்சால் உலகக் கோப்பை பிலிப்பைன்சு நாட்டில் நிகழ்ந்து, பிரேசில் அணி கோப்பையை வென்றது. உலகிற்கே இது புதிய களமாதலின், நாம் பின்தங்கிவிட்டோம் என்று வருந்த வேண்டுவதில்லை.

இதுகாறும் கூறியவற்றால் ஓர் உண்மை புலனாகும். இந்திய மகளிர் அணிக்குத் திறமை எக்காலத்தும் குறைந்திருந்ததில்லை. ஆட்டங்கள் அமைந்த ஆண்டுகளில் அது வென்றது. அமையாத ஆண்டுகளில் அதன் பெயரே மறைந்தது. கடலூர்ச் சிறுமியர்க்கும் முதலில் கிடைத்தவை ஒரு பந்தும், ஒரு திடலும், கற்பிக்க ஓர் ஆசிரியருமே. மாணவியரே! நாளை உங்கள் பள்ளித் திடலில் பந்து உருளும்போது ஒதுங்கி நின்று வேடிக்கை பார்க்காதீர். மாணவர்களே! திடலில் உங்கள் உடன்பிறந்தாருக்கும் பாதி உண்டு என்பதை மறவாதீர்.