கூகுள் கணக்கில்லாத போன்

கூகுள் சேவைகள் இல்லாமல் ஆண்ட்ராய்டு போனை ஓட்ட முடியுமா என்று கேட்பவர்களிடம், இயங்குதளத்தை மாற்ற அவசரப்பட வேண்டாம் என்றுதான் முதலில் சொல்வேன். இப்போது கையில் இருக்கும் போனிலேயே எஃப்-டிராய்டை நிறுவுங்கள். 2010இல் தொடங்கிய, கட்டற்ற செயலிகளுக்கு மட்டுமேயான களஞ்சியம் அது. கணக்குத் தொடங்கச் சொல்லாது. பயனரைப் பின்தொடரும் செயலி என்றால் அதன் பக்கத்திலேயே எச்சரித்துவிடும். தமிழில் தட்டச்ச ஹெலிபோர்டு என்ற விசைப்பலகை போதும். அது இணைய அனுமதியே கேட்பதில்லை. நாம் அடிக்கும் ஒவ்வொரு எழுத்தும் கடந்துபோகும் இடம் விசைப்பலகை என்பதால் நான் முதலில் மாற்றியது அதைத்தான்.

வரைபடத்துக்கு ஆர்கானிக் மேப்ஸ். 2004இல் தொடங்கிய ஓபன்ஸ்ட்ரீட்மேப்பின் தரவில் இயங்குகிறது. வேண்டிய பகுதியை இறக்கி வைத்துக்கொண்டால் சிக்னல் இல்லாத மலைப்பாதையிலும் வழி சொல்லும். போக்குவரத்து நெரிசலைக் காட்டாது. சிற்றூர்களில் கடைகளும் தெருப்பெயர்களும் விடுபட்டிருக்கும். விடுபட்டதை நாமே சேர்க்கலாம் என்பதுதான் எனக்கு இதில் மிகவும் பிடித்தது. எங்கள் ஊர்க் கண்மாயையும் ரேஷன் கடையையும் நான் சேர்த்தேன். அந்தத் தரவை இனி யாரும் எடுத்துப் பயன்படுத்தலாம், அனுமதி கேட்க வேண்டியதில்லை.

செயலிகளை மாற்றுவது எளிது. சிக்கல் அடியில் இருக்கும் கூகுளின் பிளே சர்வீசஸில்தான். பல செயலிகளுக்கு அறிவிப்பு வந்து சேருவதே அதன் வழியாகத்தான். அது இல்லாத போனில் சிக்னல் என்ற செய்திச் செயலி தானே தன் சர்வருடன் தொடர்பை வைத்துக்கொள்ளும். பேட்டரிச் சிக்கனக் கட்டுப்பாட்டிலிருந்து அதற்கு விலக்குக் கொடுத்துவிடுங்கள், இல்லையென்றால் செய்தி தாமதமாகும். மற்ற செயலிகளுக்கு, பிளே சர்வீசஸுக்கு மாற்றான கட்டற்ற மென்பொருள் மைக்ரோஜி ஓரளவு கைகொடுக்கும்.

வங்கிச் செயலிகள் தனி ரகம். மாற்று இயங்குதளம் என்று தெரிந்தால் சில திறக்கவே மறுக்கும். நான் உலாவியில் நெட்பேங்கிங் பயன்படுத்துகிறேன். யுபிஐக்கு மட்டும் பழைய போன் ஒன்று வீட்டில் இருக்கிறது.

இவ்வளவும் பழகிய பிறகு லினேஜ்ஓஎஸ் என்ற மாற்று இயங்குதளத்துக்குப் போகலாம். உங்கள் மாடல் அதன் பட்டியலில் இருக்கிறதா, இயங்குதளத்தைத் தொடங்கிவைக்கும் பூட்லோடரைத் திறக்கத் தயாரிப்பு நிறுவனம் விடுகிறதா என்று முதலில் பாருங்கள்; புதுப் போன் என்றால் வாங்கும் முன்பே பாருங்கள். திறக்கும்போது உள்ளே இருப்பதெல்லாம் அழிந்துவிடும். படங்களையும் தொடர்பு எண்களையும் வேறிடத்தில் நகலெடுத்து, அந்த நகல் திறக்கிறதா என்றும் பார்த்துவிட்டுத் தொடங்குங்கள்.