அந்த வார்த்தை அவர் வாயிலிருந்து வரட்டும்

அன்புள்ள பாப்பாவுக்கு,

வாட்ஸ்அப்பில் நீ அனுப்பிய குரல் பதிவை நிறுத்தி நிறுத்திக் கேட்டேன். பேர், ஊர் எதுவும் சொல்லாமல் விஷயத்தை மட்டும் சொல்லியிருந்தாய். அந்தப் பழக்கத்தை விட்டுவிடாதே.

அந்தக் கொத்தனாரைக் குடியை நிறுத்தவைக்கச் சொல்லிப் பெண்டாட்டியும் மச்சானும் உன்னிடம் ஆட்டோவில் ஏற்றிக் கூட்டி வந்திருக்கிறார்கள். நீ கல்லீரல் படத்தை விரித்து வைத்து முக்கால் மணி நேரம் விளக்கியிருக்கிறாய். அவர் எல்லாவற்றுக்கும் "சரிங்க மேடம்" என்று தலையாட்டிவிட்டு, எழுந்து கும்பிட்டுவிட்டுப் போனார். மறு வாரம் வரவில்லை. "சண்டை போட்டிருந்தால்கூடப் பரவாயில்லை அத்தை, எல்லாத்துக்கும் ஒத்துக்கிட்டுத்தான் போனார்" என்கிறாய். அவர் ஒத்துக்கொள்ளவே இல்லை. படித்த பிள்ளை, அதுவும் பெண்பிள்ளை, எதிரில் உட்கார்ந்து சொல்லும்போது முகத்துக்கு நேரே மறுத்துப் பேசுவது நம் ஊர் ஆட்களுக்கு வராது. உன் பாடப்புத்தகங்களை எழுதிய ஊர்களில் விருப்பமில்லாத ஆள் வாதம் செய்வான், குறுக்கே பேசுவான். இங்கே பணிவாகத் தலையாட்டுவான். "சரிங்க" அடிக்கடி வர ஆரம்பித்தால், நீ அதிகமாகப் பேசிக்கொண்டிருக்கிறாய் என்று தெரிந்துகொள்.

"மாறணும்கிற எண்ணமே இல்லாத ஆளை என்ன செய்வது?" என்று கேட்டிருக்கிறாய். அப்படி ஓர் ஆளை நான் அதிகம் பார்த்ததில்லை. குடிக்கிறவனுக்குள் இரண்டு பேச்சு ஓடிக்கொண்டே இருக்கும். சனிக்கிழமை வாங்கிய சம்பளம் ஞாயிற்றுக்கிழமை காலையில் பையில் இல்லையே என்பது ஒன்று. நாள் முழுக்கச் சாரத்தில் நின்ற காலுக்கு இதை விட்டால் வேறு என்ன இருக்கிறது என்பது இன்னொன்று. இரண்டுமே உண்மை. நீ முதல் பேச்சை எடுத்துக்கொண்டு பேசினால், அவருக்கு மிச்சம் இருப்பது இரண்டாவது பேச்சுதான். பெண் பார்த்துவிட்டு வந்த வீட்டைக் கவனித்திருக்கிறாயா? எல்லாரும் ஒரே குரலில் "நல்ல இடம், முடிச்சிடலாம்" என்றால் பையன் குறை தேட ஆரம்பிப்பான். அத்தனை பேரும் குறை சொன்னால் அவனே பெண்ணுக்காக வாதாடுவான். தன் வாயால் வாதாடிய பக்கத்தை மனிதன் நம்பத் தொடங்குகிறான். நீ கல்லீரலுக்காக வாதாடியபோது, அவர் மனசுக்குள் குவார்ட்டருக்காக வாதாடிக்கொண்டிருந்தார்.

இதை முதலில் துல்லியமாக எழுதி வைத்தவர் வில்லியம் மில்லர். அமெரிக்காவில் நியூ மெக்சிகோ பல்கலைக்கழகத்தின் உளவியலாளர். 1982-இல் நார்வேயின் பெர்கன் நகருக்குப் போயிருந்தபோது, அங்கே குடிநோய்ச் சிகிச்சையில் இருந்த இளம் உளவியலாளர்களோடு உட்கார்ந்து பேசுவது வழக்கமாயிற்று. உன் வயசுப் பிள்ளைகள்தான். தங்களிடம் வரும் முரண்டு பிடிக்கிற ஆட்களைப் போல நடித்துக்காட்டி, "நீங்கள் எப்படிப் பேசுவீர்கள், பேசிக் காட்டுங்கள்" என்றார்கள். அதோடு விடவில்லை. நடுநடுவே நிறுத்தி, இந்தக் கேள்வியை ஏன் கேட்டீர்கள், அவர் சொன்ன இத்தனை விஷயத்தில் அதை மட்டும் ஏன் திருப்பிச் சொன்னீர்கள் என்று குடைந்தார்கள். தனக்கே தெரியாமல் தான் பின்பற்றி வந்த முறை, அந்தக் கேள்விகளுக்குப் பதில் சொல்லும்போதுதான் அவருக்குப் புலப்பட்டது. அது 1983-இல் கட்டுரையாக வந்தது. பிறகு 1989-இல் ஆஸ்திரேலியாவில் ஸ்டீபன் ரோல்னிக்கைச் சந்தித்தார். இருவரும் சேர்ந்து எழுதிய புத்தகம் 1991-இல் வெளியானது. உங்கள் பயிற்சி வகுப்பில் 'மோட்டிவேஷனல் இன்டர்வியூவிங்' என்று நாலு எழுத்துச் சுருக்கங்களாக்கி, ஒரு வொர்க் ஷீட்டும் கொடுத்து முடித்துவிடுகிறார்களே, அது இதுதான். அந்தச் சுருக்கங்களை நீ மறந்தால்கூட எனக்குக் கவலையில்லை.

அந்தக் காலத்து அமெரிக்க மையங்களில் குடிநோயாளியை நேருக்கு நேர் மடக்கி, "நீ குடிகாரன், ஒத்துக்கொள்" என்று உடைப்பதைத்தான் சிகிச்சை என்று நினைத்தார்கள். மறுப்பது அவன் பிறவிக் குணம் என்றார்கள். மறுப்பு அவனிடம் மட்டும் இல்லை, நாம் பேசும் விதத்தில் பாதி இருக்கிறது என்றார் மில்லர். 1985-இல் ஆரிகனில் பேட்டர்சனும் ஃபோர்கேட்சும் ஒரு காரியம் செய்தார்கள். சிகிச்சையாளரை வேண்டுமென்றே கொஞ்ச நேரம் உபதேசமும் எதிர்வாதமும் செய்யச் சொல்லி, பிறகு அதை நிறுத்தச் சொல்லி, மறுபடி செய்யச் சொல்லிப் பார்த்தார்கள். உபதேசம் ஏறும்போதெல்லாம் எதிரில் இருப்பவரின் முரண்டு ஏறியது, நிறுத்தினால் இறங்கியது. மில்லரும் நண்பர்களும் 1993-இல் வெளியிட்ட ஆய்வு இன்னும் உறைக்கும்: கவுன்சிலர் எவ்வளவுக்கு மோதினாரோ, அவ்வளவுக்கு அந்த ஆள் ஒரு வருஷம் கழித்து அதிகமாகக் குடித்துக்கொண்டிருந்தார்.

அப்படியானால் சும்மா தலையாட்டிக்கொண்டு உட்கார வேண்டுமா என்று கேட்பாய். இல்லை. உன் காது வேலை செய்ய வேண்டும். அவர் பேச்சில் உமி நிறைய இருக்கும், நடுவே ஒரு நெல் இருக்கும். இப்படி வைத்துக்கொள்:

"நான் ஒண்ணும் குடிச்சிட்டு ரோட்டுல விழுந்து கிடக்கிறவன் இல்லைங்க. சம்பாதிக்கிறேன், என் காசுல குடிக்கிறேன். இவதான் ஊரெல்லாம் சொல்லிட்டுத் திரியறா. பையன் முன்னாடியே சொல்றா, அவன் இப்ப என்கிட்ட முகம் கொடுத்தே பேசறதில்ல."

புதுசாக வந்தவர் "தினமும் எவ்வளவு குடிக்கிறீங்க?" என்று கேட்பார். இன்னொருவர் பெண்டாட்டிக்குப் பரிந்து பேசுவார். இரண்டும் வேண்டாம். "பையன் பேசாம இருக்கிறது உங்களுக்கு வலிக்குது" என்று மட்டும் சொல். கேள்வியாகக் கேட்காதே; கடைசியில் குரலைத் தூக்காமல் தாழ்த்து. "வலிக்குதா?" என்றால் "அதெல்லாம் இல்ல" என்று நழுவலாம். "வலிக்குது" என்று முடித்துவிட்டு வாயை மூடிக்கொண்டால், அவர் ஒன்று திருத்துவார் அல்லது தொடர்வார். பெரும்பாலும் தொடர்வார். "பத்தாவது படிக்கிறான்ங்க. என்னை ஸ்கூலுக்கு வரவேணாங்கறான்." இப்போது குடியைப் பற்றிப் பேச்சை எடுத்தது அவர். அந்த மௌனத்தைத் தாங்குவதுதான் கஷ்டம். நீ சின்ன வயசிலிருந்தே வாய் ஓயாதவள், உனக்கு இன்னும் கஷ்டம்.

மார்க் போடச் சொல்லிக் கேட்பது நம் ஆட்களிடம் நன்றாக எடுபடும். "குடியை நிறுத்துறது உங்களுக்கு எவ்வளவு முக்கியம்? பத்துக்கு எத்தனை மார்க் போடுவீங்க?" நாலு என்பார். உடனே "ஏன் நாலுதானா?" என்று கேட்டாயானால் நிறுத்த முடியாத காரணங்களை வரிசையாக அடுக்குவார். "ஏன் ரெண்டு போடல, நாலு போட்டீங்க?" என்று கேள். பதில் சொல்லும்போது அவரே நிறுத்த வேண்டிய காரணத்தைத் தேடியாக வேண்டும். அடுத்து, "நிறுத்தணும்னு முடிவு பண்ணினா, முடியும்கிற நம்பிக்கைக்கு எத்தனை மார்க்?" என்று கேள். முதலாவதில் எட்டும் இரண்டாவதில் ஒன்றும் போடுகிறவர்கள் நிறைய உண்டு. அவர்களைத்தான் நாம் அக்கறையில்லாதவர் என்று தப்பாக எழுதி வைக்கிறோம். அவர்களுக்குத் தங்கள் மேல்தான் நம்பிக்கை இல்லை.

நம்பிக்கை குறைந்தவரிடம் நான் கட்டாயம் கேட்கிற ஒரு விஷயம் உண்டு: மாலை போட்டிருக்கிறாரா? ஐயப்பனுக்கோ முருகனுக்கோ மாலை போட்ட ஒரு மண்டலம் டாஸ்மாக் பக்கம் தலைவைத்துப் படுக்காதவர்கள் எத்தனையோ பேர். கழற்றிய அன்றே ஆரம்பித்துவிடுவார்கள் என்பதும் நமக்குத் தெரியும். வீட்டார் அந்தக் கழற்றிய நாளைத்தான் குத்திக் காட்டுவார்கள். நீ மாலை இருந்த நாட்களைக் கேள். சாயங்காலம் ஆறு மணிக்கு என்ன செய்தீர்கள், கூட வேலை செய்கிறவர்கள் கூப்பிட்டபோது என்ன சொன்னீர்கள், வீட்டில் எப்படி இருந்தது? அவர்கள் சொல்லும் பதிலில் பக்தியைத் தவிர இன்னொன்றும் இருக்கும். வேலை முடிந்ததும் குளியல், சரணம், பஜனை என்று அந்த நேரத்துக்கு ஒரு வேலை இருந்தது. கூட்டாளிகள் ஊற்றிக் கொடுக்கவில்லை. எல்லாவற்றையும்விட, பெண்டாட்டி உட்பட ஊரே அவரை "சாமி" என்று கூப்பிட்டது. யாரும் அவருக்குப் புத்தி சொல்லவில்லை. கழற்றியதும் சாமி போய்க் குடிகாரன் திரும்பி வந்துவிட்டான். அந்த நாட்களில் எது தனக்குத் துணையாக இருந்தது என்று அவரே சொல்லட்டும். அதில் எதை மாலை இல்லாமலும் வைத்துக்கொள்ளலாம் என்று அவரிடமே கேள். சத்தியம் வாங்குவதையும் கோயிலில் கயிறு கட்டுவதையும் நான் கிண்டல் செய்ய மாட்டேன். அதை அவராக எடுக்கிறாரா, மற்றவர்கள் பிடித்து வாங்குகிறார்களா என்று மட்டும் பார்ப்பேன்.

புத்தி சொல்லவே கூடாதா என்றால், சொல்லலாம், அனுமதி வாங்கிக்கொண்டு. "கல்லீரல் பத்தி உங்களுக்கு என்ன தெரியும்?" என்று முதலில் கேள். பிறகு, "இன்னொரு விஷயம் சொல்லலாமா?" சொன்ன பிறகு, "இதுல உங்களுக்கு என்ன தோணுது?" அந்தப் படத்தை அப்போது எடு.

வேலை செய்யும் இடத்தில் லெட்டர் கேட்டார்கள் என்றோ மச்சான் இழுத்து வந்தார் என்றோ வருகிறவரிடம், அவர் விரும்பி வரவில்லை என்பதை முதலிலேயே ஒப்புக்கொண்டு பேசு. "இங்க வரணும்னு நீங்க முடிவு பண்ணல. இந்த முக்கால் மணி நேரத்துல எதப் பேசினா உங்களுக்குப் பிரயோஜனமா இருக்கும்?" லெட்டர்தான் வேண்டும் என்றால் அதிலிருந்தே தொடங்கு. மாற்றத்தின் படிநிலைகள் என்று வட்டம் போட்டு ஒரு படம் இருக்குமே, சிகரெட் பிடிப்பவர்களை ஆராய்ந்து ப்ரோசாஸ்காவும் டிக்ளமெண்டேயும் சொன்னது, அதை வைத்து ஆளுக்கு முத்திரை குத்தாதே. ஒரே ஆள் டீ குடித்து முடிப்பதற்குள் இரண்டு படி ஏறி மூன்று படி இறங்குவார். கேஸ் ஷீட்டில் "மோட்டிவேஷன் இல்லை" என்று எழுதும் இடத்தில், மாற்றத்துக்குச் சாதகமாக அவர் சொன்ன ஒரு வாக்கியத்தை அவர் பேச்சிலேயே எழுதி வை. அடுத்த முறை அதிலிருந்து தொடங்கலாம். மற்ற கவுன்சிலர் பார்த்தாலும் அவருக்கு உதவும்.

இதில் மந்திரம் எதுவும் இல்லை. கோவாவின் ஆரம்ப சுகாதார நிலையங்களில், மனநலப் படிப்பு இல்லாத சாதாரண ஆட்களுக்கு இந்தப் பேச்சுமுறையை ஒட்டிப் பயிற்சி கொடுத்து, அளவுக்கு மீறிக் குடிக்கிற 377 ஆண்களிடம் பரிசோதித்தார்கள். அது 2017-இல் 'லான்செட்' இதழில் வந்தது. அதிகம் போனால் நாலு அமர்வுதான். மூன்று மாதம் கழித்துப் பார்த்தபோது, கவுன்சிலிங் கிடைத்தவர்களில் 36 சதவீதம் பேர் ஆபத்தான குடியிலிருந்து வெளியே வந்திருந்தார்கள். கிடைக்காதவர்களில் 26 சதவீதம். ஆக, நன்றாகச் செய்தாலும் மூன்றில் இரண்டு பங்குக்குக் கொஞ்சம் குறைவானவர்கள் உடனே வெளியே வரவில்லை. அந்தக் கணக்கைத் தெரிந்துகொண்டு வேலை செய். இல்லாவிட்டால் ஆறே மாதத்தில் சலித்துப்போய் நீயும் திட்ட ஆரம்பித்துவிடுவாய்.

வீட்டாரைப் பற்றி ஒன்று. "நல்லா நாலு வார்த்தை கேளுங்க மேடம், பயமுறுத்தி விடுங்க" என்று அந்தம்மா கேட்பார். அவர் வருஷக்கணக்காகச் செய்து பார்த்தது அதுதான் என்று சொல்லிக்காட்டாதே. தனியாக உட்காரவைத்து அவர் கதையைக் கேள். அவருக்கு இதுவரை யாரும் காது கொடுத்திருக்க மாட்டார்கள். கேட்டுக்கொண்டிருக்கும்போதே அடி விழுகிறதா என்பதையும் தெரிந்துகொள். அடி இருக்கிற வீட்டில் இருவரையும் ஒன்றாக உட்காரவைத்துப் பேசாதே. அவருடைய பாதுகாப்புக்கு வழி பார்ப்பதுதான் அங்கே முதல் வேலை. புருஷனின் தயக்கம் காத்திருக்கட்டும். சாம்பாரில் மாத்திரையைப் பொடித்துப் போடுவது பற்றியும் மெல்ல விசாரி. குடியை நிறுத்தக் கொடுக்கும் டைசல்ஃபிரம் மாத்திரையை அவருக்குத் தெரியாமல் கொடுத்து, அதற்கு மேல் அவர் குடித்தால் முகம் சிவந்து, படபடத்து, வாந்தியெடுத்து, ரத்த அழுத்தம் சரிந்து உயிருக்கே ஆபத்தாகலாம். டாக்டர் பார்த்து, அவரும் சம்மதித்துச் சாப்பிட வேண்டிய மாத்திரை அது. கொடுத்துக்கொண்டிருந்தால் கோபப்படாமல், அன்றே டாக்டரிடம் சொல்ல வை.

இன்னொன்றையும் எழுதாமல் விட முடியாது. நன்றாகப் பேசி, மனசு மாறி, "இன்னைக்கே நிறுத்திடறேன் மேடம்" என்று ஒருவர் எழுந்தால் சந்தோஷத்தில் அனுப்பிவிடாதே. காலையில் எழுந்ததும் கை நடுங்குகிறதா, முன்பு நிறுத்தியபோது வலிப்பு வந்ததா, இல்லாத ஆட்கள் கண்ணுக்குத் தெரிந்தார்களா என்று கேள். தினமும் நிறையக் குடிப்பவர் சட்டென்று நிறுத்தினால் முதல் இரண்டு நாளில் வலிப்பு வரலாம். இரண்டு, மூன்றாம் நாளில் புத்தி தடுமாறிப் பிதற்றலும் வரலாம். சாகிறவர்களும் உண்டு. அப்படிப்பட்டவரை அந்த நிமிஷமே டாக்டர் அறைக்கு நீயே கூட்டிக்கொண்டு போ. டாக்டர் இல்லாத நாளாக இருந்தால் பெரியாஸ்பத்திரிக்கு அனுப்பு, கூட யாராவது போகிறார்களா என்று பார்த்து அனுப்பு.

அண்ணனுக்குச் சுகர் எவ்வளவு இருக்கிறது என்று நீ எழுதவே இல்லை. வாக்கிங் போகச் சொல்லி இந்த வித்தையை உன் அப்பாவிடம் காட்டிப் பார்க்காதே; வீட்டு ஆளிடம் நமக்குப் பொறுமை இருக்காது. நான் தை பிறந்ததும் வருகிறேன்.

அன்புடன்,
அத்தை