இயல்பல்லா இமைப்பு

மாத்திரை என்னும் கால அளவைக் கூறப் புகுந்த தொல்காப்பியர், கண்ணிமைப்பையும் கைந்நொடியையும் அதற்கு அளவாகக் கொண்டார். பின்வந்த நன்னூலார், அவை மாந்தர்க்கு இயல்பாக எழுவனவாதல் வேண்டும் என ஓர் அடை சேர்த்தார். அவ்வடையின் பயன் யாது? வலிந்து இமைப்பதும், நோயினால் அடிக்கடி இமைப்பதும் அளவாகா என்பதே எனக் கொள்ளலாம். இலக்கணம் ஒதுக்கிய அந்த இயல்பல்லா இமைப்பே ஈண்டு நாம் ஆராயப் புகும் பொருள்.

முதலில் இயல்பை அறிவோம். விழித்திருக்கும் ஒருவர் நிமிடத்துக்கு ஏறக்குறைய 15 முதல் 20 முறை இமைக்கின்றார். 15 எனவே கொண்டு, விழித்திருக்கும் 16 மணி நேரத்துக்குப் பெருக்கினால் 14,400 இமைப்புகளாகும். ஓர் இமைப்புக்கு விநாடியிற் காற்பங்கு செல்லுமெனின், பகலிலும் ஒரு மணி நேரம் நாம் கண்மூடியே திரிகின்றோம்! அவ்விருள் தோன்றாதவாறு மூளை அதனை மறைத்துவிடுகின்றது. கைக்குழந்தையோ நிமிடத்துக்கு இரண்டொரு முறையே இமைக்கும்.

விழியின்மேற் கண்ணீர் ஒரு மென்படலமாகப் படிந்திருக்கின்றது. இமையோரத்துச் சுரப்பிகள் தரும் நெய்ப்பொருள் அதன்மேற் பரவி, ஈரம் உலராது காக்கின்றது. ஒவ்வோர் இமைப்பும் அப்படலத்தைப் புதுப்பித்துப் பழைய நீரைக் கண்ணின் உள்மூலைத் துவாரத்தின் வழியே மூக்கினுள் தள்ளுகின்றது. அழுவோர்க்கு மூக்கும் ஒழுகுவது இதனாலன்றோ! எனினும் ஈரம் ஒன்றே காரணமன்று. பொண்டர், கெனடி என்னும் இருவர் 1927 இல் வெளியிட்ட ஆய்வு, இமைப்பின் வேகம் மனநிலையைப் பொறுத்தும் மாறும் எனக் காட்டிற்று. இமையாமை தேவர்க்குரியது, நளனுருவில் வந்த நால்வரையும் விலக்கி, இமைக்கும் கண்ணுடையானைத் தமயந்தி தெரிந்துகொண்ட கதையை யாவரும் அறிவர்.

இனி வகுப்பறைக்கு வருவோம். ஓயாது கண்ணைச் சிமிட்டும் சிறுவனை ஆசிரியர் சிலர் குறும்பன் என்பர்; பொய் சொல்கிறான் என்பாரும் உளர். சிமிட்டுதல் பொய்க்குச் சான்றாகாது. அவன் கண்ணில் தூசி வீழ்ந்திருக்கலாம். இமைமயிர் உட்புறம் மடங்கி விழியை உராயலாம். ஒவ்வாமையினால் கண் அரிக்கலாம். இவற்றினும் நாம் கவனியாது விடுவது பார்வைக் குறையே. கரும்பலகை எழுத்துத் தெளியாதபோது சிறுவன் கண்ணைச் சுருக்கியும் சிமிட்டியும் அதனைத் தெளிவாக்க முயல்வான். 'எனக்குத் தெரியவில்லை' என்று அவன் சொல்வதில்லை. எல்லார்க்கும் உலகம் அவ்வாறே தோன்றும் என்பது அவன் எண்ணம். ஒரு மூக்குக்கண்ணாடியால் தீரக்கூடியதற்குப் பிரம்பை எடுத்தல் எத்துணைக் கொடுமை!

கண்ணிற் குறையேதும் இல்லாதிருந்தும் சிமிட்டுதல் நீடிப்பதுண்டு. இது தசை தன்னியல்பாய் வெட்டி இழுக்கும் ஒரு வழக்கம். பெரும்பாலும் ஐந்து, ஆறு வயதளவிற் தொடங்கும். பெண்பிள்ளைகளைவிட ஆண்பிள்ளைகளிடத்து மிகுதி. பரீட்சைக் காலத்திற் கூடும். சில மாதம் மறைந்து மீண்டும் தோன்றும். 'சிமிட்டாதே' என்று பலர் முன்னிலையிற் கண்டிக்குந்தோறும் அது மிகும். கவனியாது விட்டாற் பெரும்பாலும் வளர வளரக் குறையும். தோளைக் குலுக்குதல், தொண்டையைக் கனைத்தல் முதலியனவும் சேர்ந்து ஓராண்டுக்கு மேல் நீடிப்பின் வைத்தியரிடம் காட்டுதல் முறை. பெற்றோர்க்கு இதனைச் சொல்லும்போது பிள்ளை அருகில் இராதிருத்தல் நன்று.

கண் துடித்தல் வேறு, இமைத்தல் வேறு. வலக்கண் துடித்தால் நன்மையென மகிழ்வோர், முன்னிரவு விழித்திருந்ததையும் குடித்த கோப்பியையும் எண்ணிப் பார்ப்பாராக.

பழைய மாணவர் பலர் ஐம்பதைக் கடந்தவர்கள். அவ்வயதில் இருகண்ணும் வலிந்து மூடிக்கொள்ளும் ஒரு நோய் அரிதாய் வருவதுண்டு. வெயிலில் அது மிகும். வீதியிற் செல்வதும் அபாயமாகும். போட்டுலினம் என்னும் நச்சுப்பொருளை மிகச் சிறிய அளவில் இமைத்தசையில் ஊசிவழி ஏற்றுவதே இதற்குரிய சிகிச்சை. 1989 இல் அமெரிக்காவில் இதற்கு அனுமதி கிடைத்தது. ஏறத்தாழ மூன்று மாதத்துக்கு ஒருமுறை மீண்டும் ஏற்றல் வேண்டும். இமைப்புக் குறைதலும் குறியே. கணினியையும் கைப்பேசியையும் உற்று நோக்குங்கால் இமைப்புக் குறைந்து கண் உலர்கின்றது. உலர்ந்த கண் எரிந்து, பின்னர் மிகையாக இமைக்கின்றது. கருவியெதுவும் நோக்காதிருக்கையிலும் ஒருவர் இமை அசைவது அருகி, முகமும் உணர்ச்சியற்றுத் தோன்றுமாயின், அது பாக்கின்சன் நோயின் தொடக்கமாகவும் இருக்கலாம். உடன் வாழ்பவரே அதனை முதலிற் காண்பர்.