வீதியோரத்தில் வைக்கும் கையெழுத்து

வேன், லொறி வைத்துத் தொழில் செய்யும் நமது வியாபாரிகள் பலர் விபத்து நடந்தவுடன் முதலில் தேடுவது சமரசத்தைத்தான். பொலிஸுக்குப் போனால் ஒரு நாள் வியாபாரம் கெட்டுவிடும் என்று, அந்த இடத்திலேயே ஒரு தொகையைக் கொடுத்தோ வாங்கியோ ஒரு துண்டுக் கடதாசியில் கையெழுத்தும் வைத்து விடுகிறார்கள். பின்னர் காப்புறுதிப் பணத்துக்குத் தடையாக வந்து நிற்பது அந்தக் கடதாசிதான்.

கம்பனியின் சம்மதமின்றிப் பிழையை ஏற்கவோ நட்டஈடு தருவதாக வாக்களிக்கவோ கூடாது என்பது வாகனக் காப்புறுதியில் வழமையான நிபந்தனை. நட்டம் அடைந்தவர் நீங்களானாலும் கவனம் தேவை. உங்களுக்குப் பணம் தரும் கம்பனிக்கு, பிழை செய்தவரிடமிருந்து அதை அறவிடும் உரிமை உண்டு. "முழுமையாகத் தீர்ந்துவிட்டது, இனி எதுவும் கோர மாட்டேன்" என்று நீங்கள் எழுதிக் கொடுத்தால் அந்த உரிமையும் போய்விடும். அதைக் காட்டியே கம்பனி உங்கள் கோரிக்கையை மறுக்கலாம். இது உண்மையை மறைக்கச் சொல்வதல்ல. நடந்ததை நடந்தபடி சொல்லுங்கள், பிழை யாருடையது என்ற தீர்ப்பை மட்டும் சொல்லாதீர்கள்.

யாராவது காயப்பட்டிருந்தால் சமரசப் பேச்சுக்கே இடமில்லை. வாகனத்தை நிறுத்தி உதவி செய்வதும் பொலிஸுக்கு அறிவிப்பதும் மோட்டார் போக்குவரத்துச் சட்டத்தின்படி சாரதியின் கடமை. 1990க்கு அழைத்தால் அம்புலன்ஸ் இலவசமாக வரும். பிறகு வாகனங்கள் நின்ற நிலையைப் படம் எடுத்து, மற்றவரின் வாகன இலக்கம், காப்புறுதி விபரம், சாட்சிகளின் தொலைபேசி இலக்கம் ஆகியவற்றைக் குறித்துக்கொண்டு, அங்கிருந்தே கம்பனிக்கு அறிவியுங்கள். அவர்கள் பார்க்குமுன் கராஜுக்குக் கொண்டுபோக வேண்டாம்.

பொலிஸ் வாக்குமூலத்தில் நம்மவர்கள் அடிக்கடி ஏமாறுகிறார்கள். சிங்களத்தில் எழுதியதை வாசிக்கத் தெரியாமலே ஒப்பமிடுகிறார்கள். அரச அதிகாரிகளுடன் தமிழில் கருமமாற்றும் உரிமையை அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரை தருகிறது. எழுதியதைத் தமிழில் விளக்கச் சொல்லுங்கள். விளங்கிய பின் ஒப்பமிடுங்கள். முறைப்பாட்டின் பிரதியையும் கேட்டுப் பெறுங்கள்.

இனி, விபத்துக்கு முன்பே கவனிக்க வேண்டியவை. மூன்றாந்தரப்புக் காப்புறுதி மட்டும் உள்ளவருக்குத் தன் வாகனத்தைத் திருத்த ஒரு சதமும் கிடைக்காது. சொந்தப் பாவனைக்கென்று காப்புறுதி செய்த வேனில் கூலிக்குச் சாமான் ஏற்றினால் கோரிக்கை நிராகரிக்கப்படலாம். பெயர் மாற்றாமல் 'ஓபன் பேப்பரில்' வாகனம் வாங்கி ஓடுபவர்களின் நிலை இன்னும் மோசம்: காப்புறுதி இருப்பதோ பழைய உரிமையாளரின் பெயரில்! லீசிங் வாகனமென்றால் பணம் முதலில் லீசிங் கம்பனிக்கே போகக்கூடும். தகாபுல் எடுத்தவர்களும் தங்கள் பத்திரத்தின் நிபந்தனைகளை ஒருமுறை வாசித்துப் பார்ப்பது நல்லது.

மற்றவரிடம் நட்டஈடு கோரி வழக்குத் தொடர இரண்டு வருடங்களே உண்டு. சமரசம் பேசிப் பேசியே அந்தக் காலத்தைக் கடத்தி விடுபவர்களும் இருக்கிறார்கள். ஆகவே நேரத்தோடு சட்டத்தரணி ஒருவரைக் காணுங்கள்.

கம்பனி உங்கள் கோரிக்கையை மறுத்தால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். முதலில் கம்பனியிடமே மேன்முறையீடு செய்யுங்கள். அதுவும் பலிக்காவிட்டால் அந்தக் கடிதங்களுடன் காப்புறுதி ஒம்புட்ஸ்மனிடம் முறையிடலாம். அதற்குக் கட்டணம் இல்லை.