மனு எழுதிய கை

அன்புள்ள தம்பிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. திங்கட்கிழமைதோறும் ஆட்சியர் அலுவலகத்துக்கு மனு கொடுக்க வரும் கூட்டத்தைப் பார்த்தே நிருபர் வேலையில் காலம் போய்விடும் போலிருக்கிறது, சென்னைக்கு மாற்றல் கேட்கட்டுமா என்று எழுதியிருந்தாய். கேட்பதற்கு முன் ஹரிஷ் சந்திர முகர்ஜி என்ற வங்காளிப் பத்திரிகை ஆசிரியரைப் பற்றிச் சொல்கிறேன். உனக்கு அவரைத் தெரிந்திருக்க வேண்டும்.

1824இல் கல்கத்தாவின் பவானிப்பூரில் பிறந்தவர். வறுமையால் பள்ளிப்படிப்பு பாதியில் நின்றது. ஊராருக்கு மனுவும் கடிதமும் எழுதிக் கொடுத்து அரிசி வாங்கியிருக்கிறார். வீட்டில் இருந்த பித்தளைத் தட்டை அடகு வைக்கலாமென்று எழுந்த ஒரு நாளில், ஜமீன்தாரின் ஆள் ஒருவர் மொழிபெயர்க்க ஒரு பத்திரத்தோடு வாசலுக்கு வந்தார் என்று அவர் வரலாற்றில் ஒரு சம்பவம் சொல்வார்கள். பிறகு ராணுவத் தணிக்கை அலுவலகத்தில் 25 ரூபாய்ச் சம்பளத்துக்குச் சேர்ந்தார். அந்தச் சம்பளம் 400 ரூபாய் வரை உயர்ந்தது.

1853இல் தொடங்கிய ‘ஹிந்து பேட்ரியாட்’ என்ற ஆங்கில வார ஏடு சில ஆண்டுகளில் அவர் கைக்கு வந்தது. அரசு ஊழியர் என்பதால் உரிமை அண்ணன் பெயரில் இருந்தது. பகலெல்லாம் கணக்கு, இரவில் தலையங்கம். பத்திரிகையின் நஷ்டத்தைச் சம்பளம் தாங்கியது. விளம்பரம் கொடுப்பவரின் முகத்தைப் பார்த்து எழுத வேண்டிய நிலை அவருக்கு வராததற்கு அந்தச் சம்பளம்தான் காரணம் என்று நினைக்கிறேன். சொந்த வயிற்றுக்கு ஒரு வழி வைத்துக்கொள்வதை இந்தத் தொழிலில் யாராவது இழிவாகச் சொல்லக் கேட்டால் நம்பாதே.

1859இல் நதியா, ஜெசோர் பக்கத்து விவசாயிகள், நீலச் சாயம் எடுக்கும் அவுரியை இனி பயிரிட மாட்டோம் என்று எழுந்தார்கள். தோட்டத் துரைமார் பிகா என்ற நில அளவுக்கு 2 ரூபாய் வீதம் ‘தாதன்’ என்ற முன்பணத்தைக் கையில் திணிப்பார்கள். வாங்கியவன் நெல் விளைகிற நல்ல நிலத்தில் அவுரி போட்டாக வேண்டும். விளைச்சலுக்குக் கிடைக்கும் விலையில் கடன் அடையாது, அப்பன் கணக்கு மகன் தலையில் ஏறும். மறுத்தவனின் மாட்டை ஓட்டிப் போனார்கள், ஆளைக் கிடங்கில் அடைத்தார்கள். புகார் சொல்லப் போனால் பல இடங்களில் மாஜிஸ்திரேட் துரையோடு விருந்து சாப்பிட்டுக்கொண்டிருப்பார்.

அந்த விவசாயிகள் நடந்து நடந்து பவானிப்பூருக்கு வந்தார்கள். ஹரிஷின் வீடு நிறைந்தது. வந்தவர்களுக்குச் சோறு போட்டார், ஒவ்வொருவரையும் உட்காரவைத்துக் கேட்டார், மனு எழுதிக் கொடுத்தார். சிறுவயதில் அரிசிக்காகப் பழகிய அதே வேலை. எந்தக் கிராமம், எத்தனை பிகா, எந்தத் தேதியில் யார் வந்து மாட்டை அவிழ்த்தார்கள் என்று மனுவுக்காகக் கேட்ட கேள்விகளின் விடைகள்தான் வாராவாரம் பத்திரிகையிலும் அச்சேறின. 1860இல் அரசு அமைத்த அவுரி விசாரணைக் குழுவின் முன் அவரே சாட்சி சொன்னார்.

ஜெசோரிலிருந்து அவருக்குச் செய்தி எழுதி அனுப்பிய ஒருவனுக்கு அப்போது இருபது வயது இருக்கும். பெயர் சிசிர் குமார் கோஷ். ஊர் ஊராகப் போய் எழுதிய அந்தப் பிள்ளைதான் 1868இல் ‘அமிர்த பஜார் பத்திரிகா’வைத் தொடங்கினார், அதுவும் சொந்தக் கிராமத்தில் இருந்தபடியே. நீ சலித்துக்கொள்கிற இடத்தில்தான் அவர் தொழில் கற்றார், தம்பி.

என் தவறு ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். உன் வயதில் ஒரு திங்கட்கிழமை, பட்டா மாறிப்போனதென்று ஒரு பெரியவர் மஞ்சள் பையோடு என்னிடம் வந்தார். அமைச்சர் பேட்டிக்கு நேரமாகிறது, அடுத்த வாரம் வாங்க ஐயா என்றேன். அடுத்த வாரம் அவர் வரவில்லை. அவர் ஊர்ப் பெயரைக்கூடக் கேட்காமல் விட்டிருந்தேன், தேடிப் போகவும் வழியில்லை. அந்த அமைச்சர் என்ன பேசினார் என்பது இன்று எனக்கு நினைவில்லை. மஞ்சள் பை நினைவிருக்கிறது.

ஹரிஷ் 1861 ஜூனில் இறந்தார். நாற்பது வயதுகூட ஆகவில்லை. இரண்டு வேலைகளும் சேர்ந்து உடம்பைத் தின்றுவிட்டன. ஒரு விவசாயப் பெண்ணைத் தான் கடத்திச் சென்றதாகப் பத்திரிகையில் வந்த செய்திக்காக ஆர்ச்சிபால்ட் ஹில்ஸ் என்ற தோட்டத் துரை தொடுத்திருந்த அவதூறு வழக்கு அவரோடு முடியவில்லை. அது அவர் மனைவி மேல் திரும்பியது, வழக்குச் செலவை அந்த அம்மாதான் கட்ட நேர்ந்தது. இதைப் படிக்கும்போதெல்லாம் என் மனம் கலங்குகிறது. அதனால்தான் உன்னிடம் இவ்வளவு கண்டிப்பாகச் சொல்கிறேன்: மனுவின் நகலை வாங்கி வை, ரசீது எண்ணைக் குறித்துக்கொள், குற்றம் சாட்டப்பட்டவரிடமும் கேட்டு அவர் பதிலைத் தேதியோடு எழுதி வை. அந்தக் கோப்பு வீட்டில் எங்கே இருக்கிறதென்று உன் மனைவிக்கும் தெரிந்திருக்கட்டும். நேரத்துக்குத் தூங்கு.

மாற்றல் கேட்பதை ஆறு மாதம் தள்ளிவை. வரும் திங்கட்கிழமை ஒன்பது மணிக்கே போய், மனு எழுதித் தருபவர்கள் உட்காரும் மரத்தடியில் நீயும் உட்கார். முதலில் கேட்ட கதையை, ஊரும் தேதியும் சர்வே எண்ணும் விடாமல் எனக்கு எழுது.

அன்புடன்,
உன் அண்ணன்