தாய்லாந்து முறையில் மரக்கறி வதக்கல்

இல்லப் பாடம்



சயாம் என்று நம் முன்னோர் அழைத்த தாய்லாந்து நம் வணிகர்களுக்குப் புதிய நாடன்று. சரக்கு வாங்கப் பாடாங் பெசார் எல்லையைக் கடந்து ஹாட்யாய் வரை போய் வருவோர் நம்மில் உண்டு. பாங்காக்கில் மாணிக்க வணிகம் செய்யும் காயல்பட்டினத்தாரும் உண்டு. எல்லைக்கு அப்பால் போகாதவர்களும், மலேசியாவில் பட்டாணிப் பகுதி முஸ்லிம்கள் நடத்தும் தோம்யாம் கடைகளில் அந்நாட்டுச் சமையலை ருசித்திருப்பார்கள். அக்கடைகளில் வெள்ளைச் சோற்றோடு ஒரு தட்டு மரக்கறி வரும். கீரை பச்சை மாறாமல் இருக்கும், காரட்டு கடித்தால் நறுக்கென்னும், பூண்டு மணக்கும். அதை வீட்டில் செய்து பார்த்தாலோ பலருக்கு நீர் விட்டுக் குழைந்து போகிறது. காரணம் என்ன, சரியாகச் செய்வது எப்படி, அதில் மார்க்கப் பேணுதலுக்கு உரிய இடம் எது என்பவற்றை இப்பாடத்தில் பார்ப்போம்.

வீட்டிலுள்ள பெண்மக்களுக்கு மட்டுமன்றி, குடும்பத்தை ஊரில் விட்டுக் கடை மாடியில் தங்கியிருக்கும் தம்பிமார்களுக்காகவும் இது எழுதப்படுகிறது. இரவு கடை அடைத்த பின் பசியோடு அடுப்பங்கரைக்கு வருபவருக்கு இதைவிடச் சுருக்கமான பதார்த்தம் கிடைப்பது அரிது.

இதன் அவசியம்

நம்மவர் சாப்பாட்டில் இறைச்சியும் மீனும் சோறும் தாராளம்; மரக்கறி கொஞ்சம். நாள் முழுதும் கல்லாவில் உட்கார்ந்திருந்து, இரவு பத்து மணிக்கு மேல் நாசி கண்டார் உண்டு உறங்குவது பலருக்கு வழக்கம். மலேசியாவில் 2019இல் எடுக்கப்பட்ட தேசிய சுகாதாரக் கணக்கெடுப்பின்படி, வயது வந்தவர்களில் ஏறக்குறைய ஐவரில் ஒருவருக்கு நீரிழிவு இருந்தது. போதிய அளவு பழமும் மரக்கறியும் உண்ணாதவர்கள் நூற்றுக்குத் தொண்ணூற்று நான்கு பேருக்கும் மேல். நாளொன்றுக்குப் பழமும் மரக்கறியுமாக 400 கிராமாவது உண்ண வேண்டும் என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் அறிவுரை. மருந்துக்குச் செலவிடும் பணத்தில் ஒரு சிறு பங்கைப் பாசாரில் கீரைக்குச் செலவிட்டால் இலாபம் நமக்கே.

மூல விதி

நாம் செய்யும் பொரியலில் கடுகு தாளித்து, வெங்காயம் வதக்கி, காயைப் போட்டு, நீர் தெளித்து மூடி வைக்கிறோம். தாய்லாந்து வதக்கலில் மூடி கிடையாது. அந்நாட்டார் இதைப் 'பாட்' என்பார்கள். சீனரிடமிருந்து அங்கே போய்ச் சேர்ந்த முறை இது. நாமும் அந்தச் சட்டியைச் சீனச்சட்டி என்றுதானே சொல்கிறோம்! மிகுந்த சூட்டில், கொஞ்சம் எண்ணெயில், இரண்டு மூன்று நிமிடங்களில் கிளறி இறக்குவதே இதன் இலக்கணம்.

இதிலிருந்து மூல விதி தானே பிறக்கிறது. அடுப்பில் சட்டி ஏறிய பின் நினைத்துப் பார்க்கவோ, பூண்டு உரிக்கவோ, குப்பியைத் தேடவோ நேரமில்லை. ஆகவே, எல்லாக் காரியமும் அடுப்பு மூட்டுமுன் முடிந்திருக்க வேண்டும். கடை திறக்குமுன் சரக்கை அடுக்கித் தராசைச் சரிபார்த்து வைப்பவர் வியாபாரத்தில் தடுமாறமாட்டார். அடுப்பிலும் அப்படியே.

முதற் காரியம்: குப்பியைப் பார்த்தல்

மரக்கறிதானே, இதில் ஆகாதது என்ன இருக்கிறது என்று எண்ணுவோர் உண்டு. மரக்கறியில் ஒன்றும் இல்லை. அதில் சேரும் எண்ணெயிலும் குழம்புச் சாறுகளிலும் கவனம் வேண்டும்.

தாய்லாந்துச் சாதாரணக் கடைகளில் பன்றிக் கொழுப்பில் வதக்குவது உண்டு. தட்டில் கீரை மட்டுமே தெரியும், கொழுப்பு தெரியாது. அன்றியும், இறைச்சி வதக்கிய சட்டியிலேயே கீரையையும் வதக்குவார்கள். பயணத்தில் 'மரக்கறி மட்டும்' என்று சொல்லி நிம்மதி அடைவது போதாது. முஸ்லிம் கடையைத் தேடிச் செல்வதே சரி.

வீட்டில் சேர்க்கும் சாறுகள் நான்கு. அவற்றை ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

மீன் சாறு. தாய் மொழியில் 'நாம் பிளா'. நெத்திலியையும் உப்பையும் தொட்டியில் இட்டு ஓராண்டு, அதற்கு மேலும் ஊற வைத்து வடிப்பது. மீனும் உப்புமே அடிப்படை.

சோயாச் சாறு, அதாவது கிச்சாப். சோயா மொச்சையும் கோதுமையும் புளித்து உண்டாவது. புளிக்கும்போது சிறிதளவு மதுச்சாரம் தானே தோன்றும். உணவு தயாரிக்கையில் இவ்விதம் தானாக உண்டாவது நஜிஸ் அன்று, அவ்வுணவை உண்ணலாம் என்று மலேசிய தேசிய ஃபத்வாக் குழு 2011இல் முடிவு செய்தது. ஆனால், கெடாமல் இருப்பதற்காகவோ மணத்துக்காகவோ மதுச்சாரத்தைத் தனியே சேர்த்த குப்பிகளும் சந்தையில் உண்டு. சீட்டைப் படித்து வாங்க வேண்டும்.

சிப்பிச் சாறு. ஷாபிஈ மத்ஹபினருக்குக் கடல் உயிரினங்களில் அனுமதி விரிவானது. ஹனபி மத்ஹபில் கடல்வாழ் உயிர்களில் மீனுக்கே அனுமதி, சிப்பிக்கு இல்லை. நம் சங்கத்தில் இரு மத்ஹபினரும் உள்ளனர். சில இல்லங்களில் சம்பந்த வழியாக ஒரே சஹனில் இருவரும் உண்கின்றனர். இத்தகைய இல்லங்களுக்குக் காளானில் செய்த சைவச் 'சிப்பிச் சாறு' தனியே கிடைக்கிறது. ருசியில் பெரிய வேற்றுமை இல்லை. விருந்தாளி எந்த மத்ஹபு என்று தெரியாதபோதும் அதைச் சேர்ப்பதே மரியாதை.

தௌச்சு. புளித்த சோயா மொச்சை. தாய்லாந்தார் 'தாவ் ஜியாவ்' என்பர். மலாய்க்காரரும் தாய்லாந்தாரும் இப்பெயரைச் சீனரிடமிருந்தே பெற்றனர்.

எக்குப்பியை வாங்கினாலும் மலேசியாவில் ஜாக்கிம், சிங்கப்பூரில் முயிஸ், தாய்லாந்துச் சரக்கில் அந்நாட்டு மத்திய இஸ்லாமியக் குழு ஆகியவற்றின் ஹலால் முத்திரையைப் பார்த்து வாங்குக. முயிஸ் 1978 முதல் இச்சான்றிதழை வழங்கி வருகிறது. சமையல் மது என்னும் குப்பி நமக்கு வேண்டியதில்லை. இப்பதார்த்தத்துக்கு அது தேவையும் இல்லை. பிற சமயத்தாரோடு ஒரே அடுப்பங்கரையைப் பகிர்ந்து வாழும் தம்பிமார் சட்டியும் சட்டுவமும் தமக்கெனத் தனியே வைத்துக்கொள்வது நலம். ஐயம் எழுந்தால் தங்கள் ஆலிமைக் கேட்டுத் தெளிக.

உப்பிலும் கணக்கு வேண்டும். ஒரு மேசைக்கரண்டி மீன் சாற்றில் ஏறக்குறைய மூன்றரை கிராம் உப்பு இருக்கிறது. ஒருவர் ஒரு நாளைக்கு உண்ணத்தக்க உப்பு மொத்தமே ஐந்து கிராமுக்கும் குறைவு. இரத்த அழுத்தம் உள்ளவர்கள் இதை மறக்கலாகாது. ஆகவே, இப்பதார்த்தத்தில் தூள் உப்பு சேர்ப்பதே இல்லை.

தேவையான சாமான்கள் (நால்வருக்கு)

காரட்டு 1
காலிபிளவர் அல்லது புரோக்கோலி 150 கிராம்
பயற்றங்காய் அல்லது பிஞ்சுச் சோளம் 100 கிராம்
காளான் 100 கிராம்
முட்டைக்கோஸ் அல்லது சாவி கீரை 150 கிராம்
பூண்டு 5 பல்
ஊசி மிளகாய் 3 (காரம் வேண்டாதவர் 1)
எண்ணெய் 2 மேசைக்கரண்டி
சிப்பிச் சாறு அல்லது காளான் சாறு 1 மேசைக்கரண்டி
மீன் சாறு அல்லது சோயாச் சாறு 2 தேக்கரண்டி
சீனி 1 தேக்கரண்டி
வெள்ளை மிளகுத்தூள் ஒரு சிட்டிகை
தண்ணீர் 3 மேசைக்கரண்டி

எண்ணெயில் மணம் இல்லாதது நல்லது. கடலை, சோயா, செம்பனை எண்ணெய்களில் எதுவும் ஆகும். நல்லெண்ணெயும் தேங்காயெண்ணெயும் தம் மணத்தால் மற்றதை மறைத்துவிடும்.

ஆயத்தம்

காய்களைக் கழுவி நன்றாக நீர் வடிய வைக்க வேண்டும். சுத்தமான துணியால் ஒற்றி எடுத்தால் இன்னும் நல்லது. நீர் இருந்தால் அது ஆவியாகும் வரை சட்டியின் சூடு நூறு டிகிரியைத் தாண்டாது. அப்போது காய் வதங்காது, வேகும். வீட்டுப் பதார்த்தம் குழைவதற்குப் பெரும்பாலும் இதுவே காரணம்.

காரட்டைச் சாய்வாக, மெல்லிய வில்லைகளாக நறுக்குக. காலிபிளவரை ஒரு வாய்க்கு ஒன்றாகப் பிரிக்க. பயற்றங்காயை விரல் நீளம் வெட்டுக. காளானைக் கையால் கிழிக்க. இலைக் கீரையில் தண்டு வேறு, இலை வேறாக வைக்க. பூண்டைக் கத்தியின் தட்டையான பக்கத்தால் நசுக்கினால் போதும், அரைக்க வேண்டாம். மிளகாயையும் அவ்வாறே நசுக்குக. சாறுகள், சீனி, மிளகுத்தூள், தண்ணீர் அனைத்தையும் ஒரு கிண்ணத்தில் கலந்து வைக்க. நறுக்கிய காயை மூன்று தட்டுகளில் பிரிக்க: கடினமானவை, நடுத்தரம், மென்மையானவை.

வீட்டு அடுப்பின் தீ கடை அடுப்பின் தீயைப் போன்றதன்று. ஆதலால், காரட்டையும் காலிபிளவரையும் கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டு எடுத்து, நீரை முற்றும் வடித்து வைத்துக்கொண்டால் வேலை எளிதாகும்.

செய்முறை

1. சீனச்சட்டியைப் பெருந்தீயில் வைத்து, மெல்லிய புகை எழும் வரை காய விடுக. பின்பு எண்ணெய் விட்டுச் சட்டி முழுதும் படரச் செய்க.

2. தீயைச் சற்றுத் தணித்துப் பூண்டும் மிளகாயும் போட்டுப் பதினைந்து விநாடி கிளறுக. பூண்டு பொன்னிறம் காட்டத் தொடங்கியதும் அடுத்த வேலைக்குப் போக. கருகினால் கசக்கும்.

3. தீயை மீண்டும் உயர்த்துக. கடினமான காய்களைப் போட்டு ஒரு நிமிடம், அடுத்து நடுத்தரமானவற்றைப் போட்டு ஒரு நிமிடம், சட்டுவத்தால் விடாது புரட்டுக.

4. காளான், கீரைத் தண்டு, கடைசியில் இலை. உடனே கிண்ணத்துச் சாற்றைச் சட்டியின் ஓரமாகச் சுற்றி ஊற்றுக. ஓசையோடு ஆவி எழும். அரை நிமிடம் புரட்டி இறக்குக.

இலை சற்றுப் பச்சையாகத் தோன்றும்போதே இறக்க வேண்டும். தட்டில் இருக்கும் சூட்டிலும் அது தொடர்ந்து வேகும். இரண்டு பங்கு செய்வதானால் இரண்டு முறை வதக்குக. சட்டியை நிரப்பினால் சூடு இறங்கிவிடும்.

இரண்டாம் பாடம்: செந்தீக் கங்கோங்

மேற்சொன்னது கைவந்தவர்கள் தாய்லாந்தில் மிகப் பெயர்பெற்ற கங்கோங் வதக்கலைச் செய்து பார்க்கலாம். கங்கோங் நம் ஊர் வள்ளைக்கீரையே. தாய் மொழியில் இப்பதார்த்தத்தின் பெயருக்கே 'செந்தீயில் வதக்கிய கங்கோங்' என்பது பொருள். பிட்சனுலோக் நகரில் சமையற்காரர் வதக்கிய கீரையை ஆகாயத்தில் வீச, எதிரே நிற்பவர் தட்டில் ஏந்துவது ஒரு வேடிக்கையாகவே நடப்பதுண்டு. நமக்கு அந்த வித்தை வேண்டாம். சூடு மட்டும் போதும்.

300 கிராம் கங்கோங்கை நீர் மாற்றி மாற்றிக் கழுவி, விரல் நீளம் நறுக்கி, நீர் வடிய விடுக. ஒரு தட்டில் கீரையைக் குவித்து, அதன் மேலேயே நசுக்கிய பூண்டு 5 பல், ஊசி மிளகாய் 4, தௌச்சு 1 மேசைக்கரண்டி, சிப்பிச் சாறு அல்லது காளான் சாறு 2 தேக்கரண்டி, சீனி 1 தேக்கரண்டி, தண்ணீர் 2 மேசைக்கரண்டி ஆகிய எல்லாவற்றையும் இடுக. சட்டியில் எண்ணெய் புகைந்ததும் தட்டை அப்படியே கவிழ்த்து, ஒரு நிமிடம் வேகமாகப் புரட்டி இறக்குக. எண்ணெய் தெறிக்கும், தீ நாக்கு எழவும் கூடும். பிள்ளைகளை அருகில் விடலாகாது.

உண்ணும் முறை

நெய்ச்சோறும் பிரியாணியும் இதற்குப் பொருந்தா. வெள்ளைச் சோறே ஏற்றது. சிலி பாடியை வட்டமாக நறுக்கிச் சிறிது மீன் சாற்றிலும் எலுமிச்சைச் சாற்றிலும் போட்டு மேசையில் வைப்பது அந்நாட்டு வழக்கம். வேண்டுவோர் ஒரு சொட்டுத் தொட்டுக்கொள்ளலாம். இப்பதார்த்தம் ஆறினால் சுவை குன்றும். ஆகவே, சோறும் ஆளும் அமர்ந்த பின் வதக்குவதே முறை.

மனத்தில் இருத்த வேண்டியவை

குப்பியை முதலில் படி. காயை உலர வை. வேகும் நேரப்படி பிரித்து வை. சட்டியை நன்றாகக் காய விடு. கொஞ்சமாக வதக்கு. உடனே உண்.

இந்த ஆறில் மூன்று அடுப்புக்கு முன்னேயே முடிந்துவிடுகின்றன என்பதைக் கவனியுங்கள். ருசியும் அங்கேதான் தீர்மானமாகிறது. ஹலால் பேணுதலும் அங்கேதான். தட்டில் வந்த பின் ஐயப்பட்டு ஆவதில்லை. வாங்கும் இடத்தில் ஒரு நிமிடம் நின்று சீட்டைப் படித்தவருக்கு உண்ணும் இடத்தில் மன அமைதி இருக்கும்.

ஆகுமான உணவையும், அதை உண்டு உழைக்கும் சுகத்தையும், நம் வியாபாரத்தில் பரக்கத்தையும் அல்லாஹ் நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! ஆமீன்.

வஸ்ஸலாம்.